அப்பாவுக்கு ஆறு விநாடி

அப்பாவின் வாயிலிருந்து வள்ளியூரை எடுக்க வேண்டும். அதுவும் நாடா மெட்ராஸுக்குப் போகிற சாயங்கால ரயிலுக்குள் எடுத்துவிட வேண்டும்.

கோமதிசங்கர் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டு, எதிரே இருந்த இரண்டு டிவிகளில் இடது பக்கத்து டிவியைப் பார்த்தார். அதில் அவருடைய அப்பா சிவசண்முகம் பிள்ளை, ஓய்வு பெற்ற துணைத் தாசில்தார், சலவை வேட்டியும் விபூதியுமாகப் படித்துறையில் முதுகு வளையாமல் உட்கார்ந்திருந்தார். வாய் பாதி திறந்தபடி நின்றிருந்தது. பொத்தானைத் தட்டினால் பேசுவார்.

தட்டினார்.

"இந்த ஆத்துத் தண்ணியைக் குடிச்சு வளர்ந்தவன் சொன்ன சொல் மாற மாட்டான். வள்ளியூர்ப் பக்கம் பாருங்க, ஆறு கிடையாது. அதான் அங்கன உள்ளவனுக்குப் பேச்சுல ஈரம் இருக்காது."

"அருமை!" என்றார் பின்னால் நின்ற இயக்குநர் இன்பமணி. "அம்பது நிமிஷம் பேசினதுல உயிரோட இருக்கது இந்த ஒண்ணுதான் வே. இதை மட்டும் வச்சுக்குவோம்."

"இதைத்தான் எடுக்கணும்."

"ஏன்?"

"தங்கச்சிக்கு வள்ளியூர்ல இருந்து மாப்பிள்ளை வந்திருக்கு."

இன்பமணி டீ கிளாஸைக் கீழே வைத்தார். சாத்தான்குளத்துக்காரர், மெட்ராஸில் இருபது வருஷம் இருந்தும் கோபம் வந்தால் சாத்தான்குளத்துக்கே போய்விடுவார். "ஐப்பசியில பேசும்போது வள்ளியூர் சம்பந்தம்னு ஒங்க அப்பாவுக்குத் தெரியாதாக்கும்?"

"ஐப்பசியில தெரியாது. தையிலதான ஜாதகம் வந்துது."

பொதிகை மலையில் தொடங்கிக் கடலில் போய் முடிகிற படம். தாமிரபரணியைப் பற்றி இருபத்திரண்டு நிமிஷம். அடுத்த ஞாயிற்றுக்கிழமை மாலை ஏழு மணிக்கு டிவியில் வரப்போகிறது. படத்தொகுப்பாளரின் சொந்த ஊர் என்கிற மரியாதைக்காக, "ஒங்க அப்பாவையும் ரெண்டு கேள்வி கேட்டுருவோம்" என்று இன்பமணி படப்பிடிப்பின்போது தச்சநல்லூருக்குப் போனார். இரண்டு கேள்விக்கு அப்பா ஐம்பது நிமிஷம் பதில் சொன்னார். கேமரா திரும்பிப் போன அரை மணி நேரத்தில் அந்தச் சேதி தெருக்கோடி வரைக்கும் போய்விட்டது. அதோடு நின்றிருந்தால் பரவாயில்லை. பெண்ணைப் பார்த்துப் பேசி முடிக்க வள்ளியூர்க்காரர்கள் எப்போது வரலாம் என்று கேட்டபோது, அப்பா பஞ்சாங்கத்தைப் பார்க்கவில்லை. "ஞாயித்துக்கிழமை சாயங்காலம் ஏழு மணிக்கு வாங்க" என்று எழுதிப் போட்டுவிட்டார். சம்பந்தி வீட்டார் உட்கார்ந்திருக்க, டிவியில் தான் வர வேண்டும். அதற்கு மேல் ஒரு குடும்பத்துக்கு என்ன அறிமுகம் வேண்டும்? அவர் நினைத்ததில் தப்பில்லை. நாலு பேர் முன்னால் நிமிர்ந்து நிற்க முடியாத குடும்பம் குடும்பமே இல்லை.

கோமதிசங்கருக்கும் அந்த முதுகுதான் வாய்த்திருந்தது. ஆனால் அவர் தொழிலில் அதை யாரும் பார்த்ததில்லை. பதினாறு வருஷம் மெட்ராஸில் இருட்டறையில் உட்கார்ந்து, பிறர் எடுத்த படங்களை வெட்டியும் சேர்த்தும் கொடுத்தவர். கொசு ஒழிப்பு, சிறுசேமிப்பு, நெல்லில் குருத்துப்பூச்சி, கண்தானம் என்று நாயன்மார் கணக்கில் அறுபத்து மூன்று படங்கள். அந்த வேலை உப்பு மாதிரி. சரியாக இருந்தால் ஒருவனுக்கும் ஞாபகம் வராது. பிசகினால் மட்டும் எல்லாரும் இலையை விட்டு நிமிர்ந்து பார்ப்பார்கள். அறுபத்து மூன்றிலும் அவர் பேர் கடைசியில் மற்ற பேர்களோடு கூட்டத்தில் அடித்துக்கொண்டு ஓடும். பாதி ஓடும்போதே செய்தி வந்துவிடும்.

இந்தப் படத்தில்தான் முதன்முதலாக அவர் பேர் தனியாக வருகிறது. படம் கடலில் முடிந்ததும், அலைகளின்மேல், "படத்தொகுப்பு: கோமதிசங்கர்." ஆறு விநாடி. படத்துக்கு ஒத்துக்கொள்வதற்கு முன்பே அவர் கேட்டு வாங்கிய வாக்கு அது.

"வீட்டுல என்ன சொல்லியிருக்கீரு?" என்றார் இன்பமணி.

"நான் ஒண்ணும் சொல்லலை. அம்மாதான், யாரும் கேட்டா டெலிவிஷன்ல பெரிய அதிகாரின்னு சொல்லுடான்னாங்க."

"அதிகாரிதான். ஒங்க அப்பா வாயையே வெட்டப் போறீரே, இதை விடப் பெரிய அதிகாரம் உண்டுமா? வெட்டும்."

திருநெல்வேலி ஜங்ஷனில் பேக்கரி மாடியில் இருந்த அந்த அறை ஜெர்வினுடையது. உவரிக்காரர். கல்யாண வீடியோ எடுக்கிறவர். உள்ளூரிலேயே படத்தைத் தொகுத்தால் விட்டுப்போன காட்சிகளை மறுநாளே போய் எடுத்துக்கொள்ளலாம் என்பதற்காக இன்பமணி இங்கே வந்து இறங்கியிருந்தார். ஜெர்வினே கேமராவையும் தூக்கிக்கொண்டு போவார்.

நாடாவில் வெட்டுவதில் ஒரு சங்கடம் உண்டு. நடுவில் மூன்று விநாடியை உருவினால், அதற்குப் பின்னால் இருப்பது தானாக முன்னே நகர்ந்து வராது. அங்கிருந்து கடைசி வரைக்கும் மறுபடி பதிய வேண்டும். எடுத்த அளவுக்கே வேறொன்றை அந்த இடத்தில் வைத்தால் மட்டும் வேலை சுலபம். அப்பாவுக்கு ஒதுக்கியது பதினெட்டு விநாடி. அந்தப் பதினெட்டுக்குள் என்ன வித்தை காட்டினாலும் காட்டலாம்.

கோமதிசங்கர் "வள்ளியூர்ப் பக்கம் பாருங்க" என்பதை உருவி எடுத்தார். "ஆறு கிடையாது. அதான் அங்கன உள்ளவனுக்குப் பேச்சுல ஈரம் இருக்காது" என்பது மிஞ்சியது. எந்த ஊர் என்று தெரியாது. ஆனால் உருவின இடத்தில் அப்பாவின் தலை வெடுக்கென்று ஒரு பக்கம் குதித்தது, யாரோ பிடரியில் தட்டியதுபோல. அதை மறைக்க முகத்தின்மேல் வேறு காட்சி போட வேண்டும்.

"ஜெர்வின், காஞ்ச பூமியா ஒரு ஷாட் இருக்கா?"

"நேத்துதான் எடுத்தேன், சார். பனையும் உடைமரமுமா நல்லா வறட்சியா கிடக்கு."

போட்டார்கள். அப்பாவின் குரல் பேச, பொட்டல் காடு மெல்ல நகர்ந்தது. கச்சிதமாகப் பொருந்தியது. இன்பமணிகூடத் தலையை ஆட்டினார்.

"சார்" என்றார் ஜெர்வின் தயங்கியபடி. "அந்த மைல்கல்லுல என்ன எழுதியிருக்கு?"

மூன்று பேரும் டிவியின் அருகே குனிந்தார்கள். மஞ்சளும் வெள்ளையுமாகச் சுத்தமான புதுப் பெயின்டில் எழுதியிருந்தது: வள்ளியூர் 4.

"முன்னால சொல்லத்தான் செய்தாரு" என்றார் இன்பமணி. "இப்ப தூரமும் சேர்த்துச் சொல்லுதாரு."

அடுத்து ஆறு இல்லாத இடமாக வேறு எதைக் காட்டலாம் என்று யோசித்துக் கோமதிசங்கர் கடற்கரையைப் போட்டார். மணல், கட்டுமரம், வலை காயப்போடும் நாலு பேர். ஊர்ப் பெயர் எழுதிய கல் எதுவும் இல்லை என்பதை முதலில் பார்த்துக்கொண்டார். ஓட்டினார்.

"ஆறு கிடையாது. அதான் அங்கன உள்ளவனுக்குப் பேச்சுல ஈரம் இருக்காது."

ஜெர்வின் எழுந்து சுவரில் இருந்த சுவிட்சைத் தட்டினார். இரண்டு டிவியும் அணைந்தன.

"ஏன் நிறுத்திட்டீங்க?"

"வலை காயப்போடுதது எங்க சித்தப்பா."

"அதுக்கென்ன?"

"அவுகளுக்கா பேச்சுல ஈரம் இல்ல? பொழுதுக்கும் கடலுக்குள்ள கிடக்கவுக, சார். எங்க ஆளுகளைத் திட்டுததுக்கு எம் பெட்டியிலேயே வெட்டுதீயளோ? கல்யாண வீடியோவில எத்தனையோ பேர் எத்தனையோ சொல்லியிருக்காவ, சாப்பாடு சரியில்லன்னு மாப்பிள்ளை மாமன் ஏசினதை எல்லாம் நான் பைய எடுத்து விட்டிருக்கேன். நான் யாரையும் சேர்த்து ஏசினதில்ல."

சமாதானப்படுத்தப் பேக்கரியிலிருந்து மூன்று தேங்காய் பன் வர வேண்டியிருந்தது. ஜெர்வின் ஒன்றைத் தின்றார். சுவிட்சைப் போட்டார். மணி பன்னிரண்டு.

"பிரச்சினை எங்கன இருக்குன்னா, வே," என்றார் இன்பமணி, "ஏச்சு இருக்கு. அதை வாங்கிக்கிட ஆள் இல்லாம தெருத்தெருவா அலையுது. நல்ல ஆளாப் பார்த்து ஒப்படைச்சிரும்."

"அந்த ஈரத்தையே எடுத்துட்டா என்ன?"

"எடுத்தா ஒங்க அப்பாவையும் சேர்த்து எடுத்துருவேன். அந்த ஒரு வரிக்குத்தான் அவரு இங்கன இருக்காரு."

கோமதிசங்கர் ஐம்பது நிமிஷ நாடாவையும் மறுபடி ஓட்டிப் பார்த்தார். அதில் முப்பத்தெட்டு நிமிஷம் குடும்பப் பெருமைதான். கொள்ளுத்தாத்தா கைலாசம் பிள்ளை படித்துறைக்குக் கல் போட்டது, கலெக்டர் துரை வந்தபோது எழுந்திருக்காதது, எழுந்திருக்காததற்காகத் துரையே பாராட்டியது. அதில் ஒரு வரியைச் சேர்த்தால் அப்பாவும் மகிழ்வார், தலை குதிப்பதும் மறையும். "கைலாசம் பிள்ளை காலத்துல இருந்து நம்ம குடும்பத்துல" என்று ஓர் இடம் நல்ல கம்பீரமாக இருந்தது. அதை எடுத்து, ஆறு இல்லாத ஊரைச் சொன்ன இடத்தில் வைத்தார். பசி மயக்கம். பதினாறு வருஷ அனுபவம் இருந்தும், வைத்ததை ஓட்டிப் பார்க்காமலே கை கழுவப் போனார்.

திரும்பி வந்தபோது அறையில் அப்பா நின்றுகொண்டிருந்தார்.

சிவசண்முகம் பிள்ளை மாடிப்படி ஏறியதில் மூச்சு வாங்கவில்லை. வாங்கினாலும் காட்டமாட்டார். குடையை மடக்கிக் கையில் பிடித்திருந்தார். கூடவே அம்மா பாலம்மாள், தூக்குச்சட்டியில் மகனுக்குச் சாப்பாடு.

"வாங்க, அண்ணாச்சி" என்றார் இன்பமணி, நாற்காலியைத் தள்ளி. "நீங்க வரப்போற இடத்தைப் பார்த்துட்டுப் போங்க."

கோமதிசங்கர் வேண்டாம் என்று கையைக் காட்டுவதற்குள் ஜெர்வின் பொத்தானைத் தட்டிவிட்டார்.

டிவியில் அப்பா கணீரென்று சொன்னார்: "இந்த ஆத்துத் தண்ணியைக் குடிச்சு வளர்ந்தவன் சொன்ன சொல் மாற மாட்டான். கைலாசம் பிள்ளை காலத்துல இருந்து நம்ம குடும்பத்துல பேச்சுல ஈரம் இருக்காது."

ஜெர்வின் அவசரமாகப் பொத்தானைத் தட்டி நிறுத்தினார்.

"நல்லாத்தான இருக்கு" என்றாள் பாலம்மாள் மெதுவாக. "உண்மையும் அதான."

"நீ சும்மா இரு." அப்பா மகனைப் பார்த்தார். "ஏலே சங்கரு. இதை நான் சொன்னேனா?"

"நீங்க சொன்னதுதான்ப்பா. ஆனா இப்படிச் சொல்லலை."

"எம் பாட்டனாரை எங் குரல்லயே ஏச வச்சிருக்க. இதுக்குத்தான் பதினாறு வருஷம் மெட்ராஸ்ல படிச்சியோ?"

"மாத்திருதேன்ப்பா."

"நீ ஒண்ணும் மாத்த வேண்டாம். நீ மாத்த மாத்த நான் யாரையெல்லாம் ஏசுவேன்னு எனக்கே தெரியலை. என் பேச்சே வேண்டாம். எடுத்துரு."

"அண்ணாச்சி, பேச்சு இல்லாட்டா…" என்று இன்பமணி ஆரம்பித்தார்.

"முகம் வந்தா போதும். நம்ம முகத்தைப் பார்த்தா நாலு பேருக்குத் தெரியும், எந்த வீட்டு ஆளுன்னு."

சொல்லிவிட்டு அவர் கிளம்பிவிட்டார். கோமதிசங்கர் பின்னாலேயே மாடிப்படி வரைக்கும் போனார். நாலு படி இறங்கிய அப்பா, திரும்பிப் பார்க்காமலே கேட்டார்.

"இந்தப் பேரெல்லாம் போடுவாங்களே, அது எப்ப வரும்?"

"கடைசியிலப்பா. படம் கடல்ல போய் முடியும். கடல் வந்ததும் பேரு வரும்."

"ஒம் பேரு?"

"எம் பேருதான் முதல்ல. தனியா."

"என்னன்னு போடுவாங்க?"

"படத்தொகுப்பு, கோமதிசங்கர்னு."

அப்பா இரண்டு படி இறங்கினார். நின்றார். "தெளிவாத் தெரியுமா?"

"திரை பூராத் தெரியும்ப்பா. ஆறு செகண்டு."

"ம்" என்றார் அப்பா. குடையை ஊன்றிக்கொண்டு இறங்கிப் போனார்.

பதினாறு வருஷத்தில் அப்பா கோமதிசங்கரின் வேலையைப் பற்றிக் கேட்ட முதல் கேள்வி. வக்கீலுக்குப் படிக்கவில்லை என்பதற்காக மூன்று வருஷம் முகம் கொடுத்துப் பேசாதவர். தீபாவளிக்குப் போனால் "லீவு எத்தனை நாள்?" என்பதோடு நிறுத்திக்கொள்கிறவர். அவர் மகனுடைய பேர் எப்போது வரும், தெளிவாகத் தெரியுமா என்று கேட்கிறார். அம்மா வைத்துவிட்டுப் போன தூக்குச்சட்டியின் நினைவே வரவில்லை.

உள்ளே இன்பமணி பதினெட்டு விநாடியையும் நிரப்பிக்கொண்டிருந்தார். திரையில் ஒரு வாத்துக் கூட்டம் ஆற்றில் நீந்தியது.

"என்ன இது?"

"வாத்து. பேசவும் செய்யும், யாரையும் ஏசாது."

"அப்பா முகத்தைக் கொஞ்சம்…"

"இங்கேரும். பேசாத மனுஷனுக்கு என் படத்துல இடம் கிடையாது. ரயிலுக்கு இன்னும் ரெண்டு மணி நேரம் இருக்கு. எவன் எடுத்த ஷாட்டையும் இனித் தொட விடமாட்டேன்."

"ஊர் பூராச் சொல்லிட்டாரு, சார். வள்ளியூர்ல இருந்து ஆள் வாராவ. அவரு வரலைன்னா இந்த ஜென்மத்துல தெருவில இறங்க மாட்டாரு. தங்கச்சி கல்யாணமும்…"

இன்பமணி கொஞ்சம் இறங்கி வந்தார். கெட்ட மனிதர் இல்லை. பாக்கி இருந்த பன்னைப் பிட்டுக்கொண்டே சொன்னார்: "இந்த இருபத்திரண்டு நிமிஷத்துல ஒமக்குச் சொந்தம்னு ஒண்ணே ஒண்ணுதான் இருக்கு. ஒம்ம பேரு. ஆறு செகண்டு. அதுல ஒங்க அப்பாவை வச்சாலும் சரி, ஒங்க பாட்டனாரை வச்சாலும் சரி. நான் ஏன்னு கேக்க மாட்டேன்."

"மத்த பேரோட சேர்த்து எம் பேரைப் பின்னால…"

"அதுல இடம் இல்ல. கணக்கா இருபத்திரண்டு நிமிஷம். ஒரு செகண்டு கூடினாலும் டிவிக்காரன் திருப்பி அனுப்பிருவான்."

ஜெர்வின் பார்த்துக்கொண்டிருந்தார். கோமதிசங்கர் உட்கார்ந்தார். அப்பா பேசி முடித்து ஆற்றைப் பார்த்துத் திரும்பிய ஒரு நொடி நாடாவில் இருந்தது. பக்கவாட்டு முகம், நெற்றியில் வெயில், கண்ணில் ஏதோ ஓர் இறக்கம். அந்த ஐம்பது நிமிஷத்தில் அப்பா தன்னை மறந்து இருந்தது அந்த இடத்தில் மட்டும்தான். அதை மெதுவாக ஓடவிட்டால் சரியாக ஆறு விநாடி வந்தது. கடல் வருகிறது, அலை, உடனே அப்பாவின் முகம், கடலையே பார்ப்பதுபோல. பிறகு மற்ற பேர்கள். அப்பாவின் முகத்தின்மேல் தன் பேரை எழுத அவருக்கு மனம் வரவில்லை.

அறுபத்து நாலு படங்களில் அவர் செய்த மிக நல்ல வெட்டு அதுதான். தன் பேர் இருந்த இடத்தை அவர் கையாலேயே அழித்தார்.

"சார்," என்றார் ஜெர்வின், "அப்பாகிட்டச் சொல்லணும்லா?"

"வேண்டாம். அன்னைக்குப் பார்க்கட்டும்."

ஞாயிற்றுக்கிழமை ஆறரை மணிக்கே தச்சநல்லூர் வீட்டின் கூடம் நிரம்பிவிட்டது. டிவியை ஸ்டூல்மேல் ஏற்றி, அதன்மேல் விரித்திருந்த பின்னல் துணியைப் பாலம்மாள் எடுத்து மடித்து வைத்தாள். தெருக்காரர்கள் வாசல் வரைக்கும் நின்றார்கள். பிரம்பு நாற்காலிகளில் வள்ளியூர்க்காரர்கள் நாலு பேர். மாப்பிள்ளையின் அப்பா அம்மையப்பனுக்குப் பருத்த, சிரித்த முகம். அவர் பேச்சில் ஈரத்துக்குக் குறைவே இல்லை.

"சொஜ்ஜி நல்ல பதம், மதினி. எங்கூர்த் தண்ணிக்கு இந்தப் பதம் வராது, பாத்துக்கிடுங்க" என்றார். பிறகு கோமதிசங்கரைப் பார்த்து, "தம்பி டெலிவிஷன்ல பெரிய அதிகாரியாம்லா?"

கோமதிசங்கர் வாயைத் திறந்தார்.

"ஆமா" என்றாள் பாலம்மாள். "பஜ்ஜி எடுத்துக்கிடுங்க."

உள் அறை வாசலில் பட்டுச்சேலையில் நின்ற விஜயஸ்ரீ அண்ணனைப் பார்த்துச் சிரிப்பை அடக்கிக்கொண்டாள். அவளுக்கு இருபத்தெட்டு முடிந்துவிட்டது. இது ஏழாவது முறை பட்டுச்சேலை. ஆனால் இந்த முறை போட்டோவில் மாப்பிள்ளையைப் பார்த்ததும் சரி என்று அவளே சொல்லியிருந்தாள்.

ஏழு மணிக்குப் பொதிகையில் மேகம் இறங்கியது. அருவி விழுந்தது. அப்பா நாற்காலியில் சாயாமல் உட்கார்ந்திருந்தார். பாபநாசம் போயிற்று. வயல்கள் போயின. பத்தாவது நிமிஷத்தில் திருநெல்வேலி வந்தது. படித்துறை வந்தது. தெருவே மூச்சைப் பிடித்தது.

வாத்துகள் வந்தன.

பதினெட்டு விநாடி வாத்துகள் நீந்தின. வாசலில் யாரோ, "இதுல அண்ணாச்சி எங்கன இருக்காவ?" என்றார்கள். இன்னொருவர், "அந்த முன்னால போறதா இருக்கும்" என்றார். சிரிப்பை இருமலாக மாற்றும் சத்தம் நாலைந்து பக்கத்திலிருந்து கேட்டது.

"படித்துறை தாண்டிட்டே" என்றார் அம்மையப்பன் அக்கறையோடு. "சொல்லியிருந்தீயளே?"

அப்பாவின் கழுத்து நரம்பு மட்டும் அசைந்தது. "வரும்" என்றார்.

ஆறு ஸ்ரீவைகுண்டம் அணையைத் தாண்டியது. கொற்கைப் பக்கம் பழைய மண்மேட்டைக் காட்டினார்கள். அப்பா வரவில்லை. மணி ஏழு இருபது. கூடத்தில் ஒருவரும் அப்பாவைப் பார்க்கவில்லை. எல்லாரும் பார்க்காமல் இருப்பதற்குப் பாடுபட்டார்கள். அந்த முதுகு அரை அங்குலம் வளைந்ததைப் பார்க்கப் பொறுக்காமல் கோமதிசங்கர் குனிந்து அவர் காதோரம் சொன்னார்.

"கவலைப்படாதீங்கப்பா. கடைசியில வாறீங்க. கடல் வந்ததும் ஒங்க முகந்தான்."

அப்பா திரும்பினார். அவர் முகத்தில் அப்படி ஒரு கலவரத்தைக் கோமதிசங்கர் கண்டதே இல்லை.

"கடல் வந்ததுமா?"

"ஆமாப்பா. எம் பேரை எடுத்துட்டு…"

சொல்லி முடிப்பதற்குள் அப்பா நாற்காலியை விட்டுத் துள்ளி எழுந்தார். சொஜ்ஜித் தட்டு உருண்டது. வேட்டியை முழங்காலுக்கு மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டு, வாசலில் நின்றவர்களை இடித்துத் தள்ளி, தெருவில் இறங்கி ஓடினார். அறுபத்தேழு வயது. தாலுகா ஆபீஸ் தீப்பிடித்தபோதுகூட நடந்தே வெளியே வந்தவர் என்று பேர் வாங்கியவர்.

"என்ன ஆச்சு?" என்றார் அம்மையப்பன்.

"கூச்சம்" என்றாள் பாலம்மாள், தட்டைப் பொறுக்கிக்கொண்டே. "தன்னைத் தானே பார்க்கதுக்குக் கூச்சப்படுதாவ."

கோமதிசங்கருக்கும் அப்படித்தான் தோன்றியது. மகன் தன் பேரை விட்டுக்கொடுத்ததைத் தாங்க முடியாமல் எழுந்து போகிறார் என்றுகூட ஒரு நொடி நினைத்தார். திரையில் ஆறு அகலமாகியது. தூரத்தில் நீலமாக ஒரு கோடு. அலை. கடல் வந்தது.

கரண்டு போயிற்று.

டிவி, குழல்விளக்கு, மின்விசிறி, தெருவிளக்கு எல்லாம் ஒன்றாக அணைந்தன. இருட்டில் யார் காலோ யார்மேலோ பட்டது. வாசலில் "அடச்சே" என்று ஒரு குரல். தெருக்கோடிக் கடைப் பக்கமிருந்து யாரோ கத்துவது கேட்டது; என்னவென்று தெரியவில்லை. பாலம்மாள் தீப்பெட்டியைத் தேடினாள். பிறகு பிரம்பு நாற்காலிப் பக்கத்திலிருந்து மாப்பிள்ளையின் அம்மாவின் குரல் கேட்டது, கணவரிடம் மட்டும் சொல்வதாக நினைத்துச் சொன்னது.

"பொண்ணு பார்க்க வந்த வீட்டுல உக்காந்திருக்கும்போதே விளக்கு அணைஞ்சுட்டே."

"கரண்டு போறதெல்லாம் ஊர் வழக்கந்தான்ட்டி" என்றார் அம்மையப்பன்.

"பத்து நிமிஷம் முன்னால போகக் கூடாதா? பின்னால போகக் கூடாதா?"

அம்மையப்பன் இருட்டிலேயே, கை கழுவத் தண்ணீர் கேட்டார்.

விளக்கு வந்தபோது டிவியில் ஒரு பெண் செய்தி வாசித்துக்கொண்டிருந்தாள். அப்பா வாசல்படியில் நின்றிருந்தார். மார்பு ஏறி இறங்கியது. ஒரு காலில் செருப்பு இல்லை. அம்மையப்பன் எழுந்து இரண்டு கையாலும் அவர் கையைப் பிடித்தார்.

"ஒங்களைப் பார்க்கக் குடுத்து வைக்கலை, அண்ணாச்சி. வீட்டுல கலந்து பேசிக்கிட்டு நல்ல நாளாப் பார்த்துச் சொல்லியனுப்புதோம்."

வள்ளியூரிலும் தச்சநல்லூரிலும் அந்தச் சொல்லுக்கு ஒரே பொருள்தான். விஜயஸ்ரீ உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். தாழ்ப்பாள் போடும் சத்தம் கூடத்தில் எல்லாருக்கும் கேட்டது. தெருக்காரர்கள் செருப்பைத் தேடினார்கள். அப்பா ஒருவரையும் பார்க்காமல் நாற்காலியில் போய் உட்கார்ந்தார். நிமிர்ந்துதான் உட்கார்ந்தார்.

கோமதிசங்கருக்கு உடம்பெல்லாம் எரிந்தது. அறுபத்து நாலு படம். ஒரு பேர். ஒரு முகம். ஒரு தங்கை. எல்லாம் ஒரு கரண்டில் போயிற்று. சட்டையைக்கூடச் சரி செய்யாமல் தெருக்கோடிக்கு நடந்தார். டிவி ஓடிக்கொண்டிருந்த மூலைக்கடையை ஒட்டித்தான் டிரான்ஸ்பார்மர். அதன் அடியில் லயன்மேன் இசக்கி நின்று பீடி பற்றவைத்துக்கொண்டிருந்தார். அவர் காலடியில் அப்பாவின் ஒற்றைச் செருப்பு கிடந்தது.

"ஏன்யா, ஒனக்கு வேற நேரமே கிடைக்கலியா?" கோமதிசங்கரின் குரல் உடைந்தது. "ஆறு செகண்டுய்யா! ஆறு செகண்டு பொறுத்திருந்தா எங்க அப்பா முகம் வந்திருக்கும். அதுக்காக எம் பேரையே எடுத்துட்டு வச்சேன், தெரியுமா ஒனக்கு?"

இசக்கி பீடியை வாயிலிருந்து எடுத்தார்.

"என்னைய ஏசாதீய, சார். 'கடல் வந்ததும் பீஸைப் பிடுங்கிரு, எம் மவன் அதிகாரி இல்ல, வெட்டி ஒட்டுதவன்னு பேரு போட்டுக் காட்டிருவான், அது வள்ளியூர்க்காரங்க கண்ணுல படக்கூடாது'ன்னு காலையிலேயே வந்து சொன்னது ஒங்க அப்பாதான். பெறகு 'பிடுங்காதலே, பிடுங்காதலே'ன்னு வேட்டியைத் தூக்கிக்கிட்டு ஓடி வந்ததும் அவுகதான், நான்தான் ரெண்டு எட்டு முந்திட்டேன்."